ஏறும் வீல் எல்லாம் பொருந்தும் வீல் ஆகிவிடாது

கம்ப்யூட்டருக்குக் கூடுதல் ராம் வாங்கிப் பொருத்தியவர்களுக்கு இந்த விஷயம் தெரிந்திருக்கும். டிடிஆர்3 வகை ராமை டிடிஆர்4 ஸ்லாட்டில் எவ்வளவு அழுத்தினாலும் உள்ளே போகாது. முன்னதில் 240 பின்கள், பின்னதில் 288. ராமின் அடியில் உள்ள சிறு வெட்டும் வேறு இடத்தில் இருக்கும். தவறான பொருளை வாங்கி வந்தால் மதர்போர்டே அதை ஏற்க மறுத்துவிடும். கடையில் கொடுத்து மாற்றிக்கொள்ளலாம். பஸ் கட்டணத்தோடு நஷ்டம் முடிந்துவிடும்.

கார் வீல் அப்படி இல்லை. தவறான வீலும் பல நேரங்களில் காரில் ஏறிவிடும். நட்டும் இறுகிவிடும். கடையிலிருந்து வீடு வரை ஒழுங்காக ஓடியும் வந்துவிடும். குடும்பத்தோடு நெடுஞ்சாலையில் போகும்போதுதான் தவறு தெரியவரும். அந்த நேரத்தில் மாற்றிக்கொள்ள அங்கே கடை இருக்காது.

கம்ப்யூட்டர் பத்திரிகையில் கார் வீலுக்கு என்ன வேலை என்று நீங்கள் கேட்கலாம். இப்போது அலாய் வீல் வாங்க நினைக்கும் பலர் முதலில் உட்காருவது கம்ப்யூட்டர் முன்தான். வெப்சைட்டில் காரின் பெயரைத் தேர்வு செய்தால், படத்தின் கீழ் "உங்கள் காருக்குப் பொருந்தும்" என்று பச்சை நிறத்தில் ஒரு டிக் வருகிறது. உடனே பணம் கட்டிவிடுகிறார்கள். அந்த டிக்கை மட்டும் நம்பி வீல் வாங்கக் கூடாது என்பது என் கருத்து. அதே கம்ப்யூட்டரில் அரை மணி நேரம் செலவழித்தால், பொருந்துமா இல்லையா என்பதை நீங்களே பெருமளவு கண்டுபிடித்துவிடலாம்.

பச்சை டிக் எங்கிருந்து வருகிறது?

நான் சாப்ட்வேர் எழுதிப் பிழைப்பவன். அதனால் அந்த டிக்குக்குப் பின்னால் என்ன இருக்கும் என்று ஓரளவு தெரியும். ஒரு டேட்டாபேஸ். அதில் ஓர் அட்டவணை. ஒரு பக்கம் காரின் பெயர், மறுபக்கம் வீலின் அளவுகள். யாரோ ஒருவர் உட்கார்ந்து அதை டைப் செய்திருப்பார். இரண்டும் ஒத்துப்போனால் டிக் வரும். காரை யாரும் நேரில் பார்த்து அளப்பதில்லை.

இதில் என்ன சிக்கல்? கார் கம்பெனிகள் பழைய பெயரை வைத்துக்கொண்டே காரை மாற்றிவிடுகின்றன. ஸ்கோடா ஆக்டேவியாவை எடுத்துக்கொள்ளுங்கள். நம் நாட்டில் 2001-ல் விற்பனைக்கு வந்த முதல் ஆக்டேவியாவின் போல்ட் அமைப்பு 5×100. 2013-ல் அதே பெயரில் வந்த காரில் 5×112. அட்டவணையில் ஆண்டு என்ற ஒரு கட்டம் விடுபட்டால் போதும், தவறான வீலுக்கும் பச்சை டிக் விழும். ஒரே ஆண்டிலும் வித்தியாசம் உண்டு. 2018-ல் வந்த ஸ்விப்ட்டின் அடிப்படை மாடலுக்கு 14 அங்குல வீல். உயர் மாடலுக்கு 15 அங்குலம்.

ஆகவே காரின் பெயரை விட்டுவிடுங்கள். எண்களைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

குறித்துக்கொள்ள வேண்டிய எண்கள்

முதல் எண் பி.சி.டி. போல்ட் துளைகளின் மையங்கள் வழியாக ஒரு வட்டம் வரைந்தால், அந்த வட்டத்தின் விட்டம்தான் இது. 4×100 என்றால் நான்கு துளைகள், 100 மில்லிமீட்டர் வட்டம். நான்கு துளை வீலில் எதிரெதிர் துளைகளின் மையத்துக்கு மையம் அளந்தால் போதும். ஐந்து துளை வீலில் எதிர்த் துளை கிடையாது. அதனால் பக்கத்துப் பக்கத்துத் துளைகளின் மைய தூரத்தை அளந்து 1.701 ஆல் பெருக்குங்கள்.

இங்கே ஒரு பொறி உண்டு. பழைய பியட் பாலியோவின் அமைப்பு 4×98. இதையும் 4×100 வீலையும் பக்கத்தில் வைத்தால் கண்ணுக்கு வித்தியாசமே தெரியாது. ஒவ்வொரு துளையும் 1 மில்லிமீட்டர்தான் தள்ளி இருக்கும். சற்று பலம் கொடுத்தால் போல்ட் சாய்வாக ஏறிவிடவும் கூடும். அப்படி ஏறிய போல்ட் ஒழுங்காக உட்காராது; ஓட ஓடத் தளரும்.

இரண்டாவது, வீலின் நடுத் துளை. சென்டர் போர் என்பார்கள். காரின் ஹப் இதற்குள் இறுக்கமாக உட்கார வேண்டும். ஸ்விப்ட்டில் இது 54.1 மில்லிமீட்டர். ஹோண்டா சிட்டியில் 56.1. இரண்டுக்குமே பி.சி.டி. 4×100-தான். சிட்டியின் வீலை ஸ்விப்ட்டில் மாட்டினால் ஏறிவிடும். ஆனால் சுற்றிலும் 1 மில்லிமீட்டர் இடைவெளி நிற்கும். ஸ்விப்ட்டின் வீலை சிட்டியில் மாட்டப் போனால் உட்காரவே உட்காராது. வெளிக் கம்பெனிகளின் அலாய் வீல்கள் பலவற்றில் இந்தத் துளை 73.1 என்று பெரிதாகவே இருக்கும். பல கார்களுக்கு ஒரே வீலை விற்க இது வசதி. இந்த இடைவெளியை நிரப்ப ஹப் ரிங் என்ற வளையம் கிடைக்கிறது. ஸ்விப்ட்டுக்கு என்றால் வெளியே 73.1, உள்ளே 54.1 அளவு வளையம் வேண்டும். இது இல்லாவிட்டால் வீல் நடுவில் உட்காராமல் போகலாம். வேகம் கூடும்போது ஸ்டியரிங் நடுங்கும். எத்தனை முறை பேலன்சிங் செய்தாலும் அந்த நடுக்கம் போகாது.

மூன்றாவது ஆப்செட். வீலின் பின்புறம் ஈ.டி. 45 என்பது போலப் பொறித்திருப்பார்கள். வீலின் அகலத்துக்குச் சரி நடுவில் ஒரு கோடு போடுங்கள். ஹப்பில் பதியும் முகம் அந்தக் கோட்டிலிருந்து எத்தனை மில்லிமீட்டர் வெளிப்பக்கம் தள்ளி இருக்கிறது என்பதுதான் இந்த எண். இது குறையக் குறைய வீல் மட்கார்டுக்கு வெளியே வரும். கூடக் கூட உள்ளே போய் சஸ்பென்ஷனை நெருங்கும்.

நான்காவது, நட்டின் மரையும் அது உட்காரும் இடத்தின் வடிவமும். சுசுகி கார்களில் 12 மில்லிமீட்டர் நட்டின் மரை இடைவெளி 1.25; ஹோண்டாவில் 1.5. வடிவத்திலும் கூம்பு, உருண்டை, தட்டை என்று வகைகள் உண்டு. ஹோண்டாவின் சொந்த வீல்களுக்கு உருண்டை முக நட். வெளியில் வாங்கும் அலாய் வீல்களில் பெரும்பாலும் கூம்பு. பழைய நட்டையே புதிய வீலுக்குப் போட்டால், முழுப் பரப்பும் பதியாமல் ஒரு மெல்லிய வளையம் மட்டும் தொட்டுக்கொண்டிருக்கும். நட் தளர்வது இப்படித்தான் ஆரம்பிக்கும்.

கடைசியாக, சுமை. டயரில் 185/65 ஆர் 15 என்பதற்குப் பிறகு 88 என்று ஓர் எண் இருக்கும். அந்த டயர் 560 கிலோ தாங்கும் என்பது அதன் பொருள். 85 என்றால் 515 கிலோ. பழைய டயரில் இருந்ததைவிட இந்த எண் குறையக் கூடாது. வீலுக்கும் தனியாகச் சுமை அளவு உண்டு. நல்ல வீலின் பின்புறம் அதைப் பொறித்திருப்பார்கள். அந்த எண்ணே இல்லாத வீலை, விலை எவ்வளவு குறைவாக இருந்தாலும் நான் வாங்க மாட்டேன்.

இந்த எண்கள் எங்கே கிடைக்கும்? டயர் அளவு டிரைவர் பக்கக் கதவைத் திறந்தால் தூணில் ஒட்டியுள்ள ஸ்டிக்கரில் இருக்கும். வீல் அளவும் ஆப்செட்டும் பழைய வீலின் பின்பக்கம் பொறிக்கப்பட்டிருக்கும். ஸ்டெப்னியை வெளியே எடுத்து செல்போனில் படம் பிடித்துப் பெரிதாக்கிப் பாருங்கள். ஆனால் சில கார்களில் ஸ்டெப்னி அளவில் சிறியது. அப்படியானால் ஓடும் வீலைக் கழற்றித்தான் பார்க்க வேண்டும். காரின் கையேட்டைக் கம்பெனியின் வெப்சைட்டிலிருந்து பி.டி.எப். பைலாக இறக்கிக்கொள்ளலாம். கன்ட்ரோல் கீயுடன் எப் அழுத்தி, வீல் என்று ஆங்கிலத்தில் டைப் செய்தால் அந்தப் பக்கத்துக்கே போய்விடலாம்.

எக்ஸெல்லில் இரண்டு கணக்குகள்

எக்ஸெல் இல்லாவிட்டால் லிப்ரே ஆபீசின் கால்க் இலவசமாகக் கிடைக்கிறது. அதுவே போதும்.

முதல் கணக்கு டயரின் மொத்த உயரம். வீலின் அங்குலத்தை 25.4 ஆல் பெருக்குங்கள். டயரின் முதல் எண்ணையும் இரண்டாம் எண்ணையும் பெருக்கி, 100 ஆல் வகுத்து, மறுபடி 2 ஆல் பெருக்குங்கள். இரண்டையும் கூட்டினால் உயரம் மில்லிமீட்டரில் கிடைக்கும். ஸ்விப்ட்டின் 165/80 ஆர் 14 டயருக்குப் போட்டால் 619.6 வரும். உயர் மாடலின் 185/65 ஆர் 15 டயருக்கு 621.5. வீல் ஓர் அங்குலம் பெரிதானாலும் மொத்த உயரத்தில் 2 மில்லிமீட்டர்கூட வித்தியாசம் இல்லை என்பதைக் கவனியுங்கள். கம்பெனி இன்ஜினியர்கள் இந்தக் கணக்கைப் போட்டுவிட்டுத்தான் டயரைத் தேர்வு செய்கிறார்கள்.

இப்போது ஒருவர் அகலமான டயர் வேண்டும் என்று 205/65 ஆர் 15 போடுகிறார் என்று வைத்துக்கொள்வோம். உயரம் 647.5 ஆகிவிடும். சுமார் 4.2 சதவீதம் அதிகம். முன்பு 80 கிலோமீட்டர் வேகத்தில் ஓடியபோது ஸ்பீடோமீட்டர் என்ன காட்டியதோ, அதையே இப்போது 83 கிலோமீட்டருக்கு மேல் ஓடும்போது காட்டும். கிலோமீட்டர் கணக்கும் குறைவாகப் பதிவாகும். ஸ்டியரிங்கை முழுக்கத் திருப்பினால் டயர் உராயவும் வாய்ப்புண்டு.

இரண்டாவது கணக்கு ஆப்செட். வீல் அகலத்தை மில்லிமீட்டராக்கிப் பாதியாக்குங்கள். அதிலிருந்து ஆப்செட்டைக் கழித்தால் வீல் வெளிப்பக்கம் எவ்வளவு நீள்கிறது என்று தெரியும். ஆப்செட்டைக் கூட்டினால் உள்பக்கம். பழைய வீல் 5 அங்குல அகலம், ஈ.டி. 45 என்றால் வெளியே 18.5, உள்ளே 108.5. புதிய வீல் 6.5 அங்குல அகலம், ஈ.டி. 35 என்றால் வெளியே 47.55, உள்ளே 117.55. அதாவது, வீல் வெளியே 29 மில்லிமீட்டரும் உள்ளே 9 மில்லிமீட்டரும் கூடுதலாகப் போகிறது. காருக்கு அடியில் குனிந்து, டயருக்கும் ஷாக் அப்சார்பருக்கும் நடுவே எத்தனை மில்லிமீட்டர் இருக்கிறது என்று ஸ்கேல் வைத்துப் பாருங்கள். விடை அங்கேயே கிடைத்துவிடும்.

கடைக்காரருக்குத் தெரியாதா?

தெரியும். அனுபவமுள்ள கடைக்காரர் நம்மைவிட நூறு மடங்கு வீல்களைப் பார்த்திருப்பார். ஹப் ரிங்கை அவரே கேட்டு வாங்கிப் போடுவதையும் நான் பார்த்திருக்கிறேன். ஆனால் எல்லோரும் அப்படி இல்லை. "ஏறிடும் சார், பயப்படாதீங்க" என்ற பதிலைத்தான் பல இடங்களில் கேட்டிருக்கிறேன்.

என்னுடன் வேலை பார்க்கும் நண்பர் ஒருவருக்கு இப்படித்தான் சொல்லி அகலமான வீலை மாட்டி அனுப்பினார்கள். அவர் தனியாக அலுவலகம் வந்து போன ஒரு மாதமும் பிரச்சினை இல்லை. பொங்கலுக்கு ஐந்து பேரும் மூட்டை முடிச்சுமாக ஊருக்குக் கிளம்பியபோது ஒவ்வொரு வேகத்தடையிலும் பின்பக்கம் சத்தம். வழியில் நிறுத்திப் பார்த்தால், மட்கார்டின் விளிம்பு டயரின் பக்கச் சுவரைச் சீவியிருந்தது. புதிய டயர்கள் இரண்டும் போயின. சுமை ஏறினால் கார் எவ்வளவு தாழும் என்பதைக் கடையில் யாரும் யோசிக்கவில்லை. அவரிடம் அந்த எண்கள் இருந்திருந்தால் இரண்டு கேள்வி கேட்டிருக்கலாம். எண்ணோடு போகிறவரிடம் "ஏறிடும்" என்று சொல்லி அனுப்புவது அவ்வளவு சுலபமில்லை.

சட்டத்தையும் மறக்க வேண்டாம். கம்பெனி தந்த அமைப்பிலிருந்து வாகனத்தை மாற்றுவதற்கு 1988-ம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டத்தில் 52-வது பிரிவு கட்டுப்பாடு விதிக்கிறது. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் இதை வலியுறுத்தியது. உங்கள் காரின் உயர் மாடலில் கம்பெனியே கொடுத்த வீல் அளவுக்குள் நின்றுகொள்வது எல்லா வகையிலும் பத்திரம். அதைத் தாண்டுவதாக இருந்தால் இன்சூரன்ஸ் கம்பெனியிடம் முன்கூட்டியே எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

வாங்கும் நாளில் செய்ய வேண்டியது இவ்வளவுதான். எண்கள் உள்ள பக்கத்தைப் பிரின்ட் எடுத்துக் கையில் கொண்டு போங்கள். முதலில் ஒரே ஒரு வீலை, டயர் போடாமல், முன்பக்கம் மாட்டிப் பார்க்கச் சொல்லுங்கள். கையால் சுற்றினால் பிரேக் காலிப்பரைத் தொடாமல் சுற்ற வேண்டும். டயர் போட்ட பிறகு மாற்றித் தர மாட்டார்கள். ஸ்டெப்னி பழைய இரும்பு டிஸ்க்காகவே இருந்தால், அதற்குரிய பழைய நட்டுகளையும் டிக்கியில் போட்டு வையுங்கள். நள்ளிரவில் பஞ்சரானால் அதன் அருமை தெரியும். 50, 100 கிலோமீட்டர் ஓடிய பிறகு நட்டுகளை ஒருமுறை சரிபார்த்து இறுக்குங்கள்.

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியவர்கள் "இதில் என்ன செய்வது?" என்று கேட்பதுண்டு. பாட்டு, படம், ரயில் டிக்கெட் எல்லாம் இருக்கட்டும். வாங்கும் பொருளைப் பற்றி விற்பவர் சொல்வதை நாமே கணக்குப் போட்டுப் பார்க்கவும் அது உதவும். இந்த ஞாயிற்றுக்கிழமை உங்கள் காரின் எண்களை ஒரு பைலில் டைப் செய்து சேமித்து வையுங்கள். வீல் மாற்றும் எண்ணம் இப்போது இல்லாவிட்டாலும் பரவாயில்லை. அடுத்த முறை டயர் மாற்றும்போது அந்தப் பைல் கை கொடுக்கும்.