பந்துலு கட்டிய பாஞ்சாலங்குறிச்சி

திருநெல்வேலிச் சீமையின் வீரர் இருவரைத் திரையில் ஏற்றிப் பெருமைப்படுத்திய பி. ஆர். பந்துலு, நெல்லைக்காரர் அல்லர். 1910-ல் கோலார்ப் பக்கம் பிறந்து, நாடக மேடையில் வளர்ந்து, 1936-ல் ‘சம்சார நௌகா’ என்ற கன்னடப் படத்தில் நடித்துத் திரைக்கு வந்தவர். பின்னர் பத்மினி பிக்சர்ஸைத் தொடங்கிச் சொந்தமாகப் படமெடுத்தார். நடிகர், டைரக்டர், படமுதலாளி என்று மூன்று பாரத்தையும் ஒருவரே சுமப்பது லேசான காரியமா? தமிழ், கன்னடம், தெலுங்கு, ஹிந்தி என்று பல மொழிகளிலும் துணிந்து இறங்கினார்.

நாடகமாக நடந்துவந்த கட்டபொம்மன் கதையை 1959-ல் வண்ணப் படமாக்கினார். 1960-ல் கெய்ரோ விழாவில் சிவாஜி கணேசனுக்குச் சிறந்த நடிகர் பரிசும், ஜி. ராமநாதனுக்கு இசைப் பரிசும் கிடைத்தன. சந்தோஷம்தான். ஆனால் கோட்டை விஷயத்தில் ஒரு வார்த்தை சொல்லியே ஆகவேண்டும்.

பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையை வெள்ளையர் தரைமட்டமாக்கிவிட்டார்கள். பார்த்துப் படமெடுக்க ஒன்றும் மிச்சமில்லை. பந்துலு ஜெய்ப்பூருக்குப் போய் ராஜபுத்திரர்களின் கல்கோட்டைகளைப் பிடித்து வந்தார். கண்ணுக்கு விருந்து, சந்தேகமில்லை. ஆயினும் கட்டபொம்மன் கோட்டை மண்ணால் ஆனது. 1801 பிப்ரவரியில் பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பிய ஊமைத்துரையும் அவர் ஆட்களும், இடிந்து கிடந்த அதே கோட்டையைச் சில நாட்களுக்குள் மீண்டும் எழுப்பிவிட்டார்கள். மார்ச்சில் மோதிய கும்பெனிப் படை தோற்றுத் திரும்பியது. மே மாதம்தான் கோட்டை விழுந்தது. மண்ணைக் குழைத்துப் பீரங்கியை எதிர்த்த கதையல்லவா அது! ஜெய்ப்பூர்க் கல்லில் அந்த ஆச்சரியம் மறைந்துபோயிற்று. இன்றும் பலர் பாஞ்சாலங்குறிச்சி என்றதும் வடநாட்டு மாடங்களைத்தான் நினைக்கிறார்கள்.

1961-ல் வந்த ‘கப்பலோட்டிய தமிழன்’ வேறு ரகம். ம. பொ. சிவஞானம் எழுதிய வரலாற்றை ஆதாரமாகக் கொண்ட படம். அரண்மனையும் இல்லை, ஆடம்பரமும் இல்லை. ஒட்டப்பிடாரத்து வக்கீல் 1906-ல் சுதேசிக் கப்பல் கம்பெனி தொடங்கிய கதை; சிறையில் செக்கிழுத்த கதை. சிவாஜி சிதம்பரம் பிள்ளையாகவே மாறினார். டி. கே. சண்முகம் சிவாவாக வந்தார். பாரதியாக வந்த எஸ். வி. சுப்பையா செங்கோட்டைக்காரர், நெல்லைத் தமிழுக்கு வேறு வாத்தியார் தேவைப்படவில்லை. பந்துலுவின் படங்களில் முதலிடம் இதற்குத்தான் தரவேண்டும்.

ஜனங்கள் என்ன செய்தார்கள்? கட்டபொம்மனுக்கு முண்டியடித்தவர்கள் சிதம்பரம் பிள்ளையைக் கைவிட்டார்கள். படம் நஷ்டம். கப்பல் கம்பெனி பட்ட பாடுதான் கப்பல் படமும் பட்டது. அதற்குப் பிறகும் பந்துலு ஓயவில்லை. 1964-ல் ‘கர்ணன்’, 1965-ல் எம்.ஜி.ஆரை வைத்து ‘ஆயிரத்தில் ஒருவன்’. 1974-ல் காலமானார். அவர் விட்டுச்சென்ற ‘மதுரையை மீட்ட சுந்தரபாண்டியன்’ படத்தை எம்.ஜி.ஆரே முடித்து வெளியிட்டார்.

‘கர்ணன்’ 2012-ல் புதுமெருகுடன் திரும்பி வந்தபோது தியேட்டர்கள் நிரம்பின. நெல்லையில் சிதம்பரம் பிள்ளைக்கு அந்த மரியாதை கிடைக்கலாகாதா? அவர் கைதானதைக் கேட்டு 1908 மார்ச் 13-ல் கொதித்தெழுந்து, துப்பாக்கிச் சூட்டில் நான்கு உயிரைப் பறிகொடுத்த ஊர் இது. ஆண்டுதோறும் அந்த நாளில் தாமிரபரணிக் கரைப் பள்ளிக்கூடங்களில் இந்தப் படத்தைப் போட்டுக் காட்டலாம். பெரிய செலவு ஒன்றும் பிடிக்காது.