நீதி இருக்கையும் ஆசிரியர் மேசையும்

பிள்ளை எந்தப் பதவிக்குப் போவது என்ற பேச்சு எழும்போதெல்லாம், நம் குடும்பங்களின் உள்ளத்தில் ஓர் ஏணி இருப்பதைக் காண்கிறோம். இங்கே பாகலூரிலும் ஓசூரிலும் அது தொழிற்சாலை வேலையில் தொடங்கி, பெங்களூரில் கணினி வேலை, அரசு அலுவல், மருத்துவம் என்று ஏறிக்கொண்டே போகிறது. சட்டம் படிக்கும் பிள்ளைக்கு நீதிபதியின் இருக்கைதான் உச்சிப்படி. 'சட்டக் கல்லூரியில் பாடம் சொல்லப் போகிறேன்' என்று அவன் கூறிவிட்டால் பெற்றோர் முகம் வாடுகிறது. வழக்கு கிடைக்காதவன் ஒதுங்கும் நிழல் அது என்பது பலரின் எண்ணம். அவ்வெண்ணத்தை மறுக்கும் ஒரு வாழ்க்கையை இத்திங்கள் வாசக அன்பர்கள் முன் வைக்கிறோம்.

நீதிபதி ஒருவர் கல்விப் பணியும் ஆற்றுவது நம் நாட்டுக்குப் புதிதன்று. பின்னாளில் இந்தியாவின் தலைமை நீதிபதியாகவும் (1968–70), குடியரசுத் துணைத் தலைவராகவும் (1979–84) விளங்கிய முகமது இதயத்துல்லா, நாக்பூர் உயர்நீதிமன்ற நீதிபதியாக இருந்த காலத்திலேயே அந்நகரப் பல்கலைக்கழகத்தின் சட்டப்புல முதல்வராகவும் பணியாற்றினார். ஆயினும் அவர் இருக்கையை விட்டு இறங்கவில்லை. இரு சுமைகளையும் சேர்த்தே தாங்கினார். இருக்கையை விட்டே இறங்கி வகுப்பறைக்குச் சென்றவரைக் காண நாம் கடல் கடந்து இலங்கைக்குச் செல்லவேண்டும்.

கிறிஸ்டோபர் கிரெகரி வீரமந்திரி 1926 நவம்பர் 17 அன்று கொழும்பில் பிறந்தவர், கிறிஸ்தவர். வழக்கறிஞராகப் பெயர் பெற்று, 1967-இல், நாற்பது வயதளவில், இலங்கையின் உச்ச நீதிமன்ற நீதிபதியானார். அந்த வயதில் அவ்விருக்கை கிடைத்தால் ஓய்வு பெறும்வரை அதை விட்டு அசையாதிருப்பதே உலக வழக்கம். அவரோ ஐந்தே ஆண்டுகளில், 1972-இல், அதனைத் துறந்து, ஆஸ்திரேலியாவின் மெல்போர்ன் நகரிலுள்ள மொனாஷ் பல்கலைக்கழகத்தில் சட்டப் பேராசிரியராய் அமர்ந்தார். பத்தொன்பது ஆண்டுகள் அங்கே கற்பித்தார். அவர் ஏற்ற பேராசிரியப் பதவி சர் ஹேடன் ஸ்டார்க் என்ற நீதிபதியின் பெயரைத் தாங்கியது என்பதையும் இங்கே சொல்லிவைக்கலாம்.

அந்த ஆண்டுகளில் அவர் செய்தது என்ன? ஐரோப்பியர் வகுத்ததே சட்டம் என்று கற்றுவந்த மாணவர்க்கு, பிற மக்களும் நீதியைப் பற்றி ஆழ்ந்து எண்ணியவர்களே எனக் காட்டினார். தென்னாப்பிரிக்காவின் நிறவெறியைப் பற்றி 1980-இல் ஒரு நூல் எழுதினார். இஸ்லாமியச் சட்டவியலைப் பற்றி 1988-இல் மற்றொன்று. பௌத்தர் பெரும்பான்மையாய் வாழும் நாட்டில் பிறந்த ஒரு கிறிஸ்தவர், ஆஸ்திரேலியாவில் இருந்துகொண்டு, இஸ்லாமியரின் சட்டத்தைப் பரிவோடு கற்று எழுதினார். அயலான் யார் என்ற கேள்விக்கு அந்நூலும் ஒரு விடையே.

நவூரு என்ற சிறு தீவின் கதையையும் நம் வாசகர்கள் அறியவேண்டும். பசிபிக் கடலிலுள்ள அத்தீவின் பரப்பு 21 சதுர கிலோமீட்டர்தான். ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய நாடுகளின் வயல்களுக்கு உரமிட, அத்தீவின் பாஸ்பேட் மண்ணை ஆண்டாண்டாக வெட்டி எடுத்துச் சென்றார்கள். 1968-இல் நவூரு விடுதலை பெற்றபோது நிலத்தில் பெரும்பகுதி கூரிய பாறைக் கூம்புகளாய் நின்றது. அந்நிலத்தைச் சீராக்கும் பொறுப்பு யாருடையது என ஆராய நவூரு அமைத்த குழுவுக்கு வீரமந்திரி தலைமை ஏற்றார். 1989-இல் நவூரு ஆஸ்திரேலியாமீது ஹேக் நகரிலுள்ள அனைத்துலக நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தது; 1993-இல் வழக்கு உடன்பாட்டில் முடிந்து, ஆஸ்திரேலியா ஈடு வழங்க இசைந்தது. அதற்குள் வீரமந்திரியே அந்நீதிமன்றத்தின் நீதிபதியாகி இருந்தார். ஆனால் இவ்வழக்கை விசாரித்த அமர்வில் அவர் அமரவில்லை. தாம் முன்னரே ஆராய்ந்த பொருளில் தாமே நடுவராவது முறையன்று அன்றோ!

ஆம், இறங்கியவர் மீண்டும் ஏறினார். 1991 முதல் 2000 வரை அனைத்துலக நீதிமன்றத்தில் நீதிபதியாகவும், இறுதி மூன்றாண்டுகள் அதன் துணைத் தலைவராகவும் இருந்தார். ஆனால் இம்முறை அமர்ந்தவர் ஓர் ஆசிரியர். அவர் எழுதிய தீர்ப்புரைகளில் வகுப்பறையின் குரலைக் கேட்கிறோம்.

1996 ஜூலை 8 அன்று அணு ஆயுதங்களைப் பற்றி அந்நீதிமன்றம் தன் கருத்தைக் கூறியது. ஒரு நாடு அழியும் நிலை வந்தால் தற்காப்புக்காக அதைப் பயன்படுத்தலாமா என்ற கேள்விக்கு, உறுதியாய் விடை கூற இயலாது என்றது மன்றம். நீதிபதிகள் எழுவர் ஒருபுறம், எழுவர் மறுபுறம். தலைவரின் கூடுதல் வாக்கே முடிவு செய்தது. எந்த நிலையிலும், எவ்வித விலக்குமின்றி, அது சட்டவிரோதமே என்று வீரமந்திரி மாறுபட்டு எழுதினார். அதற்கு அவர் துணைக்கு அழைத்த சாட்சிகளைப் பாருங்கள்: அழிவு மிகுந்த ஆயுதங்களை விலக்கிய இராமாயண, மகாபாரத மரபு, விசைவில்லைத் தடை செய்த நம் திருச்சபையின் 1139-ஆம் ஆண்டு இலாத்தரன் சங்கம். அணு ஆயுதத்தைப் பயன்படுத்துவது மட்டுமன்று, வைத்திருப்பதும் அறநெறிக்கு முரணானது என்று திருத்தந்தை பிரான்சிஸ் ஹிரோஷிமாவில் கூறியது 2019-இல்.

அடுத்த ஆண்டு வந்தது டான்யூப் ஆற்று வழக்கு. ஹங்கேரியும் செக்கோஸ்லோவாக்கியாவும் 1977-இல் செய்த அணை ஒப்பந்தத்தை ஒரு தரப்பு கைவிட்டது. மறுதரப்பு ஆற்றைத் தன் பக்கம் திருப்பியது. இருவர் செயலும் தவறு, கலந்து பேசித் தீர்வு காண்க என்றது மன்றம். வீரமந்திரி தீர்ப்பை ஏற்றுத் தனியே ஓர் உரை எழுதினார். வளர்ச்சியும் வேண்டும், இயற்கையும் காக்கப்படவேண்டும் என்ற கொள்கை புதியதன்று எனக் காட்ட, தம் நாட்டுப் பழைய ஏரிகளை அவர் சான்றாக அழைத்தார். மழையின் ஒரு துளியும் மனிதனுக்குப் பயன்படாமல் கடலுக்குப் போகலாகாது என்ற பராக்கிரமபாகு மன்னனின் கொள்கையையும், மன்னன் நிலத்தின் காவலனேயன்றி உரிமையாளன் அல்லன் என்று மகிந்த தேரர் போதித்ததையும் எடுத்துரைத்தார். ஏரி வெட்டிய உழவனின் அறிவு ஹேக் நகரின் மன்றத்தில் சட்டச் சான்றாய் நின்றது.

பாகலூரில் வாழும் நமக்கு இது தொலைதூரக் கதையன்று. கர்நாடகத்தின் நந்தி மலைப் பகுதியில் பிறக்கும் தென்பெண்ணை, பெங்களூரின் கழிவையும் சுமந்துகொண்டு நம் அருகே தமிழகத்துள் நுழைகிறது. கெலவரப்பள்ளி அணையில் வெண்ணுரை குவியலாய் எழுந்து சாலைவரை வருவதைக் கண்டிருக்கிறோம். அந்நீர் பாயும் வயலில்தான் நம் பங்குக் குடும்பங்கள் பலவும் காய்கறி விளைவிக்கின்றன. மேலே இருப்பவர் கீழே இருப்பவர்க்கு எவ்வளவு கடன்பட்டவர், இன்று வாழ்பவர் நாளை பிறப்பவர்க்கு எவ்வளவு கடன்பட்டவர் என்பதே டான்யூப் கரையில் எழுந்த கேள்வி. நம் கரையிலும் அதுவே.

ஹேக்கிலிருந்து திரும்பிய வீரமந்திரி ஓய்ந்திருக்கவில்லை. கொழும்பில் அமைதிக் கல்விக்கென ஒரு மையம் நிறுவினார். 2006-இல் யுனெஸ்கோவின் அமைதிக் கல்விப் பரிசு அவருக்குக் கிடைத்தது. 2017 ஜனவரி 5 அன்று, தொண்ணூறாம் வயதில், இறைவனடி சேர்ந்தார். ஆண்டவர் கற்பித்த செபத்தைப் பற்றியும் அவர் ஒரு நூல் எழுதியுள்ளார், 1998-இல் வெளிவந்தது.

நம் பங்குகளில் சட்டம் பயிலும் பிள்ளைகளுக்கு ஒரு வேண்டுகோள். டான்யூப் வழக்கில் அவர் எழுதிய உரையை அனைத்துலக நீதிமன்றம் பொதுவில் வெளியிட்டுள்ளது. தேடிப் படியுங்கள். ஏரிகளைப் பற்றிய பகுதியை வீட்டிலுள்ள தாத்தா பாட்டிக்குத் தமிழில் சொல்லிக் காட்டுங்கள். மதகும் கால்வாயும் அறிந்த அவர்களுக்கு அதனை விளக்கவேண்டிய தேவையே இராது. உங்களுக்கு அவர்கள் விளக்கவும் கூடும்.