இடைக்கால உத்தரவும் இடிபடும் வீடும்

உரிமையியல் வழக்கில் இறுதித் தீர்ப்பு வருமுன்பே அதன் தலைவிதியை நிர்ணயித்துவிடும் உத்தரவுகள் உண்டு. தாராவியிலோ செம்பூரிலோ ஒருவரின் கடையை இடிக்கப்போவதாக மாநகராட்சி நோட்டீஸ் அளிக்கிறது. அவர் நகர உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்து, இடைக்காலத் தடை கோருகிறார். தடை மறுக்கப்பட்டால், வழக்கு கோப்பில் உயிரோடு இருக்கும்; கடை இருக்காது. எந்த உத்தரவை எதிர்த்து உடனே மேல்முறையீடு செய்யலாம் என்பது வழக்கறிஞர்களுக்கு மட்டுமே உரிய நுணுக்கம் அன்று.

1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம் இதற்கு வரம்பு வகுத்துள்ளது. 104-ஆவது பிரிவும் 43-ஆவது கட்டளையும் பட்டியலிடும் உத்தரவுகளை எதிர்த்து மட்டுமே உடனடி மேல்முறையீடு செய்யலாம். இடைக்காலத் தடை வழங்குவதும் மறுப்பதும் அப்பட்டியலில் உள்ளன. ஆவணம் தாக்கல் செய்ய அவகாசம் மறுப்பது போன்றவை இல்லை. அவற்றால் வழக்கின் முடிவு பாதிக்கப்பட்டிருந்தால், இறுதித் தீர்ப்புக்கு எதிரான மேல்முறையீட்டில்தான் முறையிட வேண்டும்.

உயர் நீதிமன்றத்திலேயே நேரடியாகத் தொடரப்படும் வழக்குகளுக்கு இப்பட்டியல் பொருந்துமா என்ற சர்ச்சையைத் தீர்த்து வைத்தது மும்பை வழக்கு ஒன்றுதான். தடையும் ரிசீவர் நியமனமும் மறுக்கப்பட்டதை எதிர்த்த மேல்முறையீட்டை விசாரணைக்கே ஏற்க முடியாது என்றது மும்பை உயர் நீதிமன்றம். ஷா பாபுலால் கிம்ஜி வழக்கு எனப்படும் அதில், 1981-இல் உச்ச நீதிமன்றம் அந்த முடிவை ரத்து செய்தது. நீதிபதிகள் ஃபசல் அலி, தமிழகத்தைச் சேர்ந்த அ. வரதராஜன், ஏ.என். சென் ஆகியோர் அமர்வில் இருந்தனர்.

மறுபக்கத்தையும் மறைக்கலாகாது. ஒவ்வொரு சிறு உத்தரவையும் உயர் நீதிமன்றத்துக்குக் கொண்டுசென்று வழக்கை ஆண்டுக்கணக்கில் இழுத்தடித்தவர்கள் உண்டு. அதைத் தடுக்கவே நாடாளுமன்றம் 1999-இல் 115-ஆவது பிரிவைத் திருத்திச் சீராய்வு அதிகாரத்தைச் சுருக்கியது. அது 2002 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தது. ஆயினும், அரசியல் சட்டத்தின் 227-ஆவது பிரிவின் கீழான கண்காணிப்பு அதிகாரம் குறையவில்லை என 2003-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. முன்வாசலை மூடியதும் வசதி படைத்தோர் பக்கவாசலைத் தேடினர்.

ஏழை வழக்காளியின் இடர் வேறு. தடை மறுக்கப்பட்டால் அவருக்கு மேல்முறையீட்டு உரிமை உண்டு. உயர் நீதிமன்றத்தை அணுக 90 நாள் அவகாசமும் உண்டு. ஆனால், புல்டோசர் 90 நாள் காத்திருப்பதில்லை. மேல்முறையீடு தாக்கலானதாலேயே எதுவும் நின்றுவிடாது. மறுப்பு உத்தரவை நிறுத்திவைத்தாலும் வீட்டுக்குப் பாதுகாப்புக் கிடைக்காது. மேல் நீதிமன்றம் புதிதாகத் தடை வழங்கியாக வேண்டும். மனுவை நிராகரிக்கும்போதே, மேல்முறையீடு செய்வதற்காக ஏற்கெனவே உள்ள பாதுகாப்பைச் சில நாள்களுக்கு நீட்டிக்கும் நீதிபதிகள் இருக்கிறார்கள். அது அவர்களின் பெருந்தன்மையே தவிர, வழக்காளியின் உரிமை அன்று.

அதை உரிமையாக்க வேண்டியது நாடாளுமன்றத்தின் கடமை. குடியிருப்பும் பிழைப்பிடமும் சம்பந்தப்பட்ட வழக்குகளில் தடை மறுக்கப்பட்டால், குறைந்தது இரு வாரங்களுக்கு இருந்த நிலை தொடர வேண்டும் என உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் சேர்க்கப்பட வேண்டும். அந்த இரு வாரங்களால் மாநகராட்சியின் பணி முடங்கிவிடாது. இடித்த பிறகு மேல்முறையீட்டில் வென்று யாருக்கு என்ன பயன்?