ஒலிபெருக்கியைப் பிடித்திருந்த கை

நமது சிறுகதைகளில் சில காலமாக ஒரு நிலப்பரப்பு தலைகாட்டி வருகிறது. அதற்குப் பெயர் கிடையாது. இரு நாடுகளுக்கு நடுவே கிடக்கும் ஏதோ ஓர் எல்லைநிலம். அங்கே ஒலி கல்லாகிறது, கத்தியாகிறது. சொல் பட்டவர் சரிந்து விழுகிறார். அந்தச் சொல்லைச் சொன்னது யார் என்று கதை சொல்வதேயில்லை. விமர்சக நண்பர்கள் இதை மாய யதார்த்தம் என்று தூக்கிப் பிடிக்கிறார்கள். எனக்கு இதில் கடும் ஆட்சேபம் இருக்கிறது.

கற்பனை கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. ஜின் கதை கேட்டு வளர்ந்தவர்கள் நாம். ஒலி அழிக்கும் என்பதும் நமக்குப் புதிய செய்தியல்ல. ஸமூது கூட்டத்தார் பேரொலியால் அழிந்த வரலாற்றை அறியாத முஸ்லிம் யார்? ஆனால் அந்த ஒலி யாரிடமிருந்து வந்தது, ஏன் வந்தது என்பதில் அங்கே மயக்கம் எதுவும் இல்லை. ஸாலிஹ் நபி (அலை) எச்சரித்தார்கள். கூட்டத்தார் ஒட்டகத்தைக் கொன்றார்கள். அதன் பிறகும் மூன்று நாள் தவணை இருந்தது. நமது கதைகளிலோ ஒலி இருக்கிறது, விழுந்தவர் இருக்கிறார், மற்ற எல்லாம் பனிமூட்டம்.

ஒலி பொருளாவதைப் பார்க்க விரும்புகிறவர் நான் வசிக்கும் கற்பிட்டிக் குடாநாட்டுக்கு வரட்டும். ஒருபக்கம் புத்தளம் களப்பு, மறுபக்கம் பெருங்கடல். கடல் பக்கத்தில் தலவில, அன்னம்மாள் தேவாலயம். வெடிவைத்து மீன் பிடிப்பது 1996ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடற்றொழில் சட்டப்படி குற்றம். சட்டம் வந்த பிறகும் அந்தச் சத்தத்தைத் தலவிலக் கரையில் நின்று கேட்டிருக்கிறேன். கேட்டேன் என்பதைவிட உள்ளங்காலில் உணர்ந்தேன் என்பதே சரி. காற்றில் விநாடிக்கு ஏறத்தாழ 340 மீற்றர் போகும் ஒலி, தண்ணீரில் 1500 மீற்றர் போகிறது. வெடியின் அதிர்ச்சி மீனின் காற்றுப்பையைக் கிழித்துவிடுகிறது. கிழிந்த மீன்களில் பல மிதப்பதில்லை, அடியில் போய்விடும். மேலே வந்ததை மட்டும் அள்ளிக்கொண்டு வெடி போட்டவன் போய்விடுவான். அவன் யாரென்று கரையில் எல்லோருக்கும் தெரியும். எவரும் வாய் திறக்கமாட்டார்கள்.

இந்த மௌனம்தான் இப்போது நமது இலக்கியக் கொள்கையாகிவிட்டது.

1990 ஒக்டோபர் 30. யாழ்ப்பாணம் சோனகத் தெரு. எனக்கு அப்போது பதினாறு வயது. விடுதலைப் புலிகளின் வாகனம் ஒலிபெருக்கியுடன் வந்தது. ஜின்னா மைதானத்துக்கு வரும்படி அழைத்தது. அந்தக் குரல் கத்தவில்லை. தடுப்பூசி போட வரச் சொல்வது போலத்தான் சொன்னது. வாப்பா சட்டையை மாட்டிக்கொண்டு போனார். இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேற வேண்டும் என்ற செய்தியோடு திரும்பி வந்தார். மூன்று நாளல்ல நண்பர்களே, இரண்டு மணி நேரம்! அந்த மாதத்தின் இறுதியில் வட மாகாணத்திலிருந்து ஏறத்தாழ 75 ஆயிரம் முஸ்லிம்கள் துரத்தப்பட்டார்கள். மன்னார் மக்கள் பலர் கடல் வழியாக இதே கற்பிட்டிக் கரையில் வந்து இறங்கினார்கள். எங்களைத் துரத்திய சொற்கள் நாம் கதை எழுதுகிற இதே தமிழில்தான் இருந்தன.

பிறகு ஆலங்குடாவில் ஓலைக் கொட்டில். லொத்தர் சீட்டு விற்கிற வண்டி ஒலிபெருக்கியுடன் வந்தால் உம்மா எழுந்துவிடுவார். அடையாள அட்டைகளும் காணி உறுதியும் இருந்த பையைத் தேடி எடுத்து மடியில் வைத்துக்கொள்வார். வண்டி போன பிறகுதான் உட்காருவார். மௌத்தாகும் வரை இந்தப் பழக்கம் மாறவில்லை. ஒலி உடம்புக்குள் இறங்கித் தங்கும் என்பதை எனக்குக் காட்ட எந்த எல்லைநிலமும் தேவைப்படவில்லை.

உவமை மொழியில் மறைத்துச் சொல்வது தற்காப்பு என்று வாதிடுகிறார்கள். 2009 வரை அந்த வாதத்தை ஏற்றுக்கொள்கிறேன். துப்பாக்கியின் முன்னால் பெயர் சொல்லாதவரை நான் கோழை என்று சொல்லமாட்டேன். ஆனால் இன்று? இன்று பெயரை மறைப்பது உயிருக்கல்ல, பாராட்டுக்கு. பெயரற்ற நாட்டின் துயரத்தைச் சென்னையிலும் டொரொன்டோவிலும் கூச்சமில்லாமல் வாசித்து நெகிழலாம். நெகிழ்ந்தவரிடம் யாரும் எதையும் கேட்கப்போவதில்லை. வசதியான கண்ணீர் இது.

இதைப் புலிகளோடு நிறுத்திக்கொண்டால் நானும் பொய்யனாவேன். நமது கையிலும் ஒலிபெருக்கி இருந்தது. வெலிகமப் பள்ளிவாசலொன்றின் ஒலிபெருக்கி அனுமதி பற்றிய வழக்கில் உயர் நீதிமன்றம் 2007 நவம்பரில் தீர்ப்புச் சொன்னது. இரவு பத்து மணி முதல் காலை ஆறு மணி வரை அனுமதி இல்லை என்றது. சுபஹு பாங்குக்காக நாம் பொங்கினோம். பொங்கியதில் நியாயமும் இருந்தது. ஆனால் எவ்வளவு சத்தம் என்று அளந்த நாம், என்ன சத்தம் என்று கேட்டோமா? சூபிகளைக் காபிர் என்ற பயான்களைக் கேட்டுக்கொண்டு எத்தனை வருடம் சும்மா இருந்தோம்? 2017 மார்ச்சில் காத்தான்குடியில் ஸஹ்ரானின் ஆட்கள் வாளோடு மோதியபோது நம்மில் எத்தனை பேர் எழுதினோம்? 2019 ஏப்ரல் 21இல் கொச்சிக்கடையிலும் கட்டுவாப்பிட்டியிலும் மட்டக்களப்பிலும் தேவாலயங்கள் வெடித்தன. ஹோட்டல்களோடு சேர்த்து 250க்கும் மேற்பட்ட உயிர்கள். அடுத்த மாதம் சிங்களக் காடையர் கும்பல்கள் குளியாப்பிட்டியிலும் மினுவாங்கொடையிலும் நமது புத்தளம் மாவட்டத்துக் கொட்டாரமுல்லையிலும் இறங்கின. அந்தக் கும்பல்களையும் பெயர் சொல்லித்தான் எழுத வேண்டும். அவர்களுடையதை எழுதுவதற்கான தகுதி, நம்முடையதை எழுதுவதில்தான் கிடைக்கும்.

தலவிலத் திருவிழாவில் முகாம் பிள்ளைகள் ஐஸ்பழம் விற்ற காலம் உண்டு. நானும் விற்றிருக்கிறேன். தேவாலயத்து ஒலிபெருக்கியில் சிங்களத்திலும் தமிழிலும் செபம் வரும். எனக்கு அது பயமாக இருந்ததில்லை. 2019க்குப் பிறகு முதல் தடவை அந்தப் பக்கம் போனபோது தொப்பியைக் கழற்றிச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டேன். யாரும் என்னை எதுவும் சொல்லவில்லை. வாசலில் நின்ற சோதனைக்காரர்கூடச் சிரித்தார். அங்கேயும் ஒரு எல்லை விழுந்திருக்கிறது. அது கற்பனையல்ல. அதைப் போட்டவர்களுக்குப் பெயர் உண்டு, அதில் சிலர் நம் வீட்டுப் பெயர்.

எல்லைநிலம் எழுதுகிற தம்பிமாரே, தங்கச்சிமாரே, ஒலியைக் கல்லாக்குங்கள், கத்தியாக்குங்கள். ஆனால் ஒலிபெருக்கியைப் பிடித்திருந்த கையையும் எழுதுங்கள். நாள், நேரம், தெருவின் பெயர் மூன்றையும் எழுதுங்கள். என் உம்மா அந்தப் பையை மடியில் வைத்துக்கொண்டிருந்தது உவமை அல்ல. உறுதி இன்னும் என்னிடம் இருக்கிறது.