சாத்தானின் மேல் பழியைப் போட்டுத் தப்பிக்க வேண்டாம்



ஹெவி மெட்டல் என்றாலே "அது ஷைத்தானின் இசை" என்று பிள்ளைகளிடம் சொல்லி முடித்துவிடுகிறோம். இசை கூடுமா கூடாதா என்பதை உலமாக்கள் பேசட்டும், அதில் நான் தலையிடவில்லை. ஆனால் ஒன்றைத் தடுப்பது வேறு, அதைப் பற்றிப் பொய் சொல்வது வேறு.

அந்த இசைக்கு அத்திவாரம் போட்ட பிளாக் சபாத் குழு 1968இல் இங்கிலாந்தின் பேர்மிங்ஹாமில் உருவானது. நான்கு பேரும் அஸ்டன் பகுதித் தொழிலாளர் வீட்டுப் பிள்ளைகள். பயமுறுத்தும் அந்தப் பெயர்கூட ஒரு பழைய திகில் படத்தின் தலைப்புத்தான்.

கிட்டார் வாசித்த டோனி அயோமிக்கு 17 வயதில் தகட்டுத் தொழிற்சாலை இயந்திரத்தில் இரண்டு விரல் நுனிகள் போயின. பிளாஸ்டிக் போத்தலை உருக்கி விரலுக்கு உறை செய்தார். மெல்லிய தந்திகளை மாட்டினார், பிறகு அவற்றைத் தளர்த்தியும் வாசித்தார். சுருதி இறங்கியது, ஓசை கனத்தது. மெட்டாலிகா போன்ற பிற்காலக் குழுக்கள் பின்பற்றிய கனம் இதுதான். இதில் ஷைத்தானுக்கு என்ன வேலை?

1970இல் வந்த அவர்களது 'வார் பிக்ஸ்' பாடல், ஏழைகளைப் போருக்கு அனுப்பிவிட்டு ஒளிந்துகொள்ளும் தலைவர்களைச் சாடுகிறது. முடிவில் அந்தத் தலைவர்கள் தீர்ப்பு நாளில் மண்டியிட்டு மன்னிப்புக் கேட்கிறார்கள். எத்தனை பேருக்கு இது தெரியும்?

அவர்களை நல்லவர்களாக்க நான் வரவில்லை. மதுவும் போதையும் அந்தக் குழுவைச் சீரழித்தன. பாடகர் ஓஸி ஒஸ்போர்ன் 1979இல் வெளியேற்றப்பட்டதற்கும் அதுவே காரணம். 15 வயதில் பாடசாலையை விட்டு, மாட்டு மடுவத்தில் வேலை செய்து, உலகப் புகழ் பெற்றவரைப் போதை அந்த இடத்துக்குக் கொண்டுபோனது. பிள்ளைகளுக்குச் சொல்லவேண்டிய உண்மை இது. ஷைத்தான் கதையில் இதுதான் மறைந்துபோகிறது.

இன்று பிள்ளையின் கையில் போன் இருக்கிறது. நாம் சொன்னது பொய் என்று இரண்டு நிமிடத்தில் கண்டுபிடிப்பான். பிறகு நாளைக்கு ஐஸ் போதையைப் பற்றி உம்மாவும் வாப்பாவும் உண்மையைச் சொன்னாலும், "இதுவும் அப்படித்தான்" என்று போய்விடுவான். அப்போது யாரைக் குறை சொல்வது?

வேண்டாம் என்றால் வேண்டாம் என்றே சொல்லுங்கள். ஆனால் சரியான காரணத்தைச் சொல்லுங்கள். தெரியாவிட்டால், முதலில் தேடி வாசித்துவிட்டுச் சொல்லுங்கள்.