வில்லங்கத்தில் வராத வருஷம்

தோழர்களே,

வங்கியில் குமாஸ்தா வேலை எனக்கு. நிலத்தை வைத்துக் கடன் கேட்பவர்களின் பத்திரம், பட்டா, சிட்டா எல்லாம் என் மேசைக்கு வரும். வில்லங்கம் முப்பது வருஷத்துக்குப் பார்ப்பது வழக்கம். அதற்கு முன்னால் அது யார் நிலம், யார் கையிலிருந்து போனது என்று எவனும் கேட்பதில்லை. மாமல்லபுரம் பக்கத்துப் பத்திரத்தைப் பிரிக்கும்போதெல்லாம் எனக்குக் காரணை ஞாபகம் வந்துவிடும்.

1891-இல் செங்கல்பட்டு ஜில்லா கலெக்டர் திரமென்ஹீர் பறையர்களின் நிலைமையை அறிக்கையாக எழுதினார். 1892-இல் அரசாணை 1010 வந்தது. நம் ஜனங்களுக்குக் கொடுத்த நிலத்தைப் பத்து வருஷம் விற்கக் கூடாது, அதற்குப் பிறகும் நமக்குள்ளேதான் கைமாறலாம், மீறினால் செல்லாது. அதுதான் பஞ்சமி நிலம். அந்த நிலம் வட்டிக்கும் கைநாட்டுக்கும் மிரட்டலுக்கும் போய்ச் சேர்ந்த கதை உங்களுக்குத் தெரியும்.

நூறு வருஷம் கழித்து, காரணை மக்கள் அதே நிலத்தைத் திருப்பிக் கேட்டார்கள். அங்கே அம்பேத்கர் சிலையை வைத்தார்கள். போலீஸ் அதை எடுத்துக்கொண்டு போனது. 1994 அக்டோபர் 10, திங்கட்கிழமை, நியாயம் கேட்டுச் செங்கல்பட்டில் திரண்டவர்கள்மேல் போலீஸ் சுட்டது. ஜான் தாமசும் ஏழுமலையும் செத்தார்கள்.

அவர்கள் புதுச் சட்டமா கேட்டார்கள்? 'நீ போட்ட ஆணையை நீயே மதி' என்றார்கள், அவ்வளவுதான். ஆணையை மீறி நிலத்தை வளைத்தவன் வீட்டுக்கு எந்தப் போலீசும் போகவில்லை.

1999 ஜூலை 23, தாமிரபரணியில் 17 உயிர். 2018 மே மாதம், தூத்துக்குடியில் 13 உயிர். இரண்டு ஊரிலும் ஜனங்கள் கிளம்பியது கலெக்டர் ஆபீசுக்கு. ஓட்டுக் கேட்க நம் சேரிக்கு வர வழி தெரிகிறவர்களுக்கு, நாம் மனுவோடு எதிரே வந்தால் மட்டும் கலவரக் கும்பலாகத் தெரிகிறோம்.

ஒரு நாள் கவுண்டரில் பென்ஷன் வாங்க வந்த பெரியவர் கேட்டார்: "ஏன் தம்பி, எழுதிக் குடுத்ததும் கவர்மெண்டு, சுட்டதும் கவர்மெண்டுன்னா, நாம எங்க போயி மனு குடுக்கிறது?" என்னிடம் பதில் இல்லை.

இன்று முப்பது வருஷ வில்லங்கம் போட்டால் 1994 அதில் வராது. ரத்தம் சிந்திய வருஷமும் கணக்கை விட்டு வெளியே போய்விட்டது. அதை நாம்தான் உள்ளே கொண்டுவர வேண்டும். தகவல் உரிமைச் சட்டம் கையில் இருக்கிறது. உங்கள் ஊர்ப் பழைய நிலக் கணக்கைக் கேட்டு வாங்குங்கள். பஞ்சமி நிலம் எந்த சர்வே எண்ணில் இருக்கிறது, இப்போது யார் பெயரில் இருக்கிறது என்று எழுதி வையுங்கள்.

அக்டோபர் 10-க்கு மாலை மட்டும் போதாது தோழர்களே. சர்வே எண்ணோடு வாருங்கள்.