மீனுக்கு வழி விடுங்கள்

நாம் கடையில் 'சமன்' என்று வாங்கும் ரின் மீன் பெரும்பாலும் வேறு மீன்தான். உண்மையான சமன், வட பசிபிக் கரையோர ஆறுகளில் பிறந்து, கடலில் வளர்ந்து, முட்டையிடுவதற்காகத் தான் பிறந்த ஆற்றையே மணத்தால் அறிந்து திரும்பி வருகிறது. ஆற்றில் நுழைந்தபின் அது இரை எடுப்பதில்லை. உடம்பில் சேர்த்த கொழுப்பைச் செலவழித்து நீரோட்டத்தை எதிர்த்து ஏறும். பெண் மீன் வாலால் கூழாங்கற்களைக் கிளறிக் குழி பறித்து முட்டையிடும். பசிபிக் சமன் இனங்களிற் பெரும்பாலானவை அத்தோடு இறந்துவிடும்.

பசளையின் அருமை தெரிந்த கமக்காரருக்கு அதன் பின் நடப்பதை விளக்கத் தேவையில்லை. கடலில் தின்று சேர்த்த நைதரசனும் பொசுபரசும் மீனின் உடலோடு மலைக்காட்டுக்கு வந்து சேர்கின்றன. கரடிகள் மீனைக் கரைக்கு இழுத்துப் பாதி தின்று பாதி போடும், எஞ்சியது மண்ணுக்கு. ஆற்றங்கரை மரங்களிற் கடல் நைதரசன் இருப்பதை ஆய்வாளர் அளந்து கண்டுள்ளனர்.

ஐக்கிய அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் எல்வா என்றோர் ஆறு உண்டு. மின்சாரத்துக்காக 1913 இல், கடலிலிருந்து ஏறத்தாழ 8 கிலோமீற்றரில், அதை மறித்து அணை கட்டினார்கள். 1927 இல் மேலே இன்னொன்று. மீன் ஏற வழி விடவேண்டும் என்று சட்டம் இருந்தும் விடவில்லை. பதிலுக்கு மீன்குஞ்சு பொரிப்பகம் ஒன்றை அமைத்தார்கள்; 1922 இல் அதையும் கைவிட்டார்கள். 1855 உடன்படிக்கையில் மீன்பிடி உரிமை பெற்றிருந்த கிளாலம் மக்களின் புனித இடமும் நீரில் மூழ்கியது.

வழியை அடைத்துவிட்டுக் கொடுக்கும் எதுவும் ஈடாகாது என்பதே எமது கருத்து. பொரிப்பகம் குஞ்சைத் தரலாம். மேலாற்றுக் காட்டுக்குப் பசளையைத் தராது. மின்சாரம் வேண்டாமா என்று கேட்பார்கள். வேண்டும்தான். ஆனால் பிற்காலத்தில் அந்த மின்சாரம் ஒரேயொரு கடதாசி ஆலைக்குத்தான் போனது, அதன் தேவைக்கும் முழுதாகக் காணாது.

கிளாலம் மக்கள் விடாது கேட்டார்கள். 1992 இல் சட்டம் நிறைவேறியது. 2011 இல் உடைக்கத் தொடங்கி 2014 இல் இரு அணைகளையும் அகற்றி முடித்தார்கள். 2012 இலேயே, கீழணை இருந்த இடத்தைக் கடந்து சமன் மேலேறியது. மீன்தொகை இன்னும் பழைய அளவுக்கு வரவில்லை. ஆயினும் மீன் பெருகட்டும் என்று பத்தாண்டுக்கு மேல் பிடிக்காமல் இருந்த அம்மக்கள், 2023 ஒக்டோபரில் மீண்டும் எல்வாவில் இறங்கித் தமது உணவுக்கு மீன் பிடித்தார்கள்.